பெயரை விழுங்கிய வேடம்! - 'நுக்கட்' கோப்டி சமீர் கக்கரின் கதை

2023-ம் ஆண்டு மார்ச் 15. புதன்கிழமை.

டிக்கெட் கவுண்ட்டரில் காலை ஷிப்ட் முடிந்து, வசூல் பணத்தை எண்ணிக் கட்டிக் கொண்டிருந்தேன். பக்கத்துக் கவுண்ட்டரில் இருக்கும் மராத்தி நண்பர் கைபேசியைப் பார்த்துவிட்டு, தலையில் கையை வைத்துக் கொண்டார்.

"நம்ம கோப்டி போயிட்டானப்பா!" என்றார்.

வரிசையில் நின்ற ஒரு பெரியவருக்கு அது காதில் விழுந்தது. "யார், 'நுக்கட்' கோப்டியா? அடடா!" என்று அவரும் உச்சுக் கொட்டினார். பிறகு, "அவர் நிஜப் பெயர் என்ன?" என்று கேட்டார்.

நண்பருக்குச் சட்டென்று சொல்லத் தெரியவில்லை. மறுபடியும் கைபேசியைப் பார்த்துத்தான் சொன்னார்:

"சமீர் கக்கர்."

ஒரு மனிதன் செத்த செய்தி வந்துவிட்டது. அவன் பெயர் பின்னால் வந்தது!

நடிகனுக்கு இது பெருமையா, சிறுமையா? அன்று முழுவதும் இதே எண்ணம்தான் எனக்கு. அதற்குச் சொந்தக் காரணமும் ஒன்று உண்டு. அதைப் பிறகு சொல்கிறேன். முதலில் சமீர் கக்கரின் கதையைப் பார்ப்போம்.

தெருமுனையில் ஒரு உலகம்

இந்திய டெலிவிஷனில் தொடர் நாடகம் என்ற சமாசாரம் வேர் பிடித்தது 1984-ல். அந்த ஆண்டு ஜூலை 7-ந் தேதி 'ஹம் லோக்' தொடங்கியது. நடுத்தரக் குடும்பத்தின் கஷ்ட நஷ்டங்களைச் சொன்ன தொடர் அது. வீட்டுக்கு வீடு டெலிவிஷன் இல்லாத காலம். ஒரு பெட்டிக்கு முன்னால் ஐம்பது பேர் உட்கார்ந்து பார்த்தார்கள்.

அதற்கு இரண்டு ஆண்டு கழித்து, 1986-ல் வந்ததுதான் 'நுக்கட்'. நுக்கட் என்றால் தெருமுனை. நம் ஊரில் முச்சந்தி என்போமே, அதுதான்.

இதை இயக்கியவர்கள் இருவர். ஒருவர் குந்தன் ஷா. 1983-ல் 'ஜானே பி தோ யாரோ' என்ற நையாண்டிப் படத்தை எடுத்தவர். இன்னொருவர் சயீத் அக்தர் மிர்சா. 1980-ல் வந்த 'ஆல்பர்ட் பிண்டோ'வுக்குச் சொந்தக்காரர். இருவரும் பம்பாயின் சாதாரண மக்களை அறிந்தவர்கள்.

'நுக்கட்'டில் ராஜா இல்லை, ராணி இல்லை. பங்களா இல்லை. எலெக்ட்ரீஷியன் குரு, சைக்கிள் ரிப்பேர் செய்யும் ஹரி, ஓட்டல் நடத்தும் காதர் பாய், வீட்டு வேலை செய்யும் ராதா, பிச்சை எடுக்கும் கன்ஷு, பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் டீச்சர், லத்தியைச் சுழற்றிக்கொண்டு வரும் ஹவல்தார் கண்பத் - இவர்கள்தான் கதாபாத்திரங்கள். திலீப் தவன் குருவாக வந்தார். பவன் மல்ஹோத்ரா ஹரி. அவதார் கில் காதர் பாய்.

இவர்களுக்கு நடுவே தள்ளாடிக்கொண்டு ஒருவன் வருவான். கலைந்த தலை, கசங்கிய சட்டை, செருகிய கண். அவன்தான் கோப்டி.

கோப்டி என்றால் மண்டை. எவனோ ஒருவன் கூப்பிட்டு, அதுவே பெயராக நிலைத்துவிட்டது போன்ற ஒரு பெயர். தொடர் முழுவதும் அவனை எல்லோரும் அப்படித்தான் அழைத்தார்கள்.

குடிகாரனை நடிப்பது எளிதா?

குடிகாரன் வேடம் எளிது என்று நினைக்கிறோம். காலைப் பின்னினால் போதும், நாக்கைக் குழறினால் போதும் என்று நம் ஊர்த் திருவிழா நாடகங்களில் எத்தனையோ பேர் ஆடியிருக்கிறார்கள். கூட்டம் சிரிக்கும். மறுநாள் மறந்துவிடும்.

சமீர் கக்கர் செய்தது வேறு.

நிஜமான குடிகாரனைக் கவனித்துப் பாருங்கள். அவன் தள்ளாட விரும்புவதில்லை. நேராக நிற்கத்தான் படாத பாடு படுகிறான். தான் தெளிவாக இருப்பதாகக் காட்டத்தான் ஒவ்வொரு சொல்லாகப் பொறுக்கி எடுத்துப் பேசுகிறான். அந்தப் பாடுதான் பார்க்கிறவனுக்குச் சிரிப்பு. அந்தப் பாட்டுக்குள்ளேதான் பரிதாபமும் இருக்கிறது. கக்கர் இந்த இரண்டையும் ஒரே முகத்தில் காட்டினார்.

தெருவில் இருப்பவர்கள் கோப்டியை விரட்டுவார்கள், சோறும் போடுவார்கள். திட்டுவார்கள், அவன் இல்லாவிட்டால் தேடுவார்கள். கோப்டியும் சில நேரம் நினைவு தெளிந்தவர்கள் சொல்லப் பயப்படும் உண்மையைப் போகிற போக்கில் சொல்லிவிடுவான். வயிறு குலுங்கச் சிரித்துக் கொண்டிருந்தவர்கள் கப்பென்று அடங்கிப் போவார்கள்.

கக்கர் குஜராத்திக்காரர். குஜராத்தி நாடக மேடையில் பழகியவர். எதிரே இருக்கும் ஜனங்களின் மூச்சைக் கேட்டு நடித்துப் பழகிய ஆளுக்குத்தான், எங்கே நிறுத்த வேண்டும் என்பது தெரியும்.

'நுக்கட்' 1987 வரை 40 பகுதிகள் ஓடியது. அதற்குள் சமீர் கக்கர் என்ற பெயரைக் கோப்டி விழுங்கிவிட்டான்.

எங்கள் சாலில் ஒரு கோப்டி

இனி என் சொந்தக் காரணத்தைச் சொல்கிறேன்.

'நுக்கட்' வந்தபோது நான் பிறக்கவில்லை. இதெல்லாம் அப்பா சொல்லக் கேட்டது. திருநெல்வேலிச் சீமையிலிருந்து 1979-ல் வந்து, தாராவியில் தோல் பை தைக்கும் பட்டறையில் சேர்ந்தவர் அவர். ஊரில் வில்லுப்பாட்டில் குடம் அடித்தவர். ஆனால் அது இங்கே யாருக்குத் தெரியும்? இங்கே அவர் 'பேக் வாலா'. அவ்வளவுதான்!

எங்கள் சந்தில் ஒரு மளிகைக் கடையில் மட்டும் டெலிவிஷன் இருந்ததாம். நம்மவர்கள் அங்கே கூடி நின்று 'நுக்கட்' பார்ப்பார்கள். பாதி இந்தி புரியும், பாதி புரியாது. ஆனால் மனிதர்கள் புரிந்தார்கள். ஏனென்றால் திரைக்குள் இருந்த தெருவும் திரைக்கு வெளியே இருந்த தெருவும் ஒன்றுதான்! "நான் இந்தி படிச்ச பள்ளிக்கூடமே அதுதாம்ல" என்று அப்பா சொல்வார்.

அந்தச் சந்தில் ஒரு மாமா இருந்தார். அப்பாவுக்குப் பக்கத்து ஊர்க்காரர். துறைமுகத்தில் மூட்டை தூக்குகிற வேலை. குடிப்பார். 'நுக்கட்' வந்த ஒரே மாதத்தில் சந்துப் பிள்ளைகள் அவருக்குக் 'கோப்டி' என்று பெயர் வைத்துவிட்டார்கள். பெரியவர்களும் அப்படியே கூப்பிட்டார்கள். அவர் கோபப்படவில்லை. "டி.வி.யில என்னையத்தாம்டே காட்டுதான்!" என்று சிரிப்பாராம்.

எனக்கும் அவர் 'கோப்டி மாமா'தான். விடியற்காலையில் குழாயடியில் முதல் ஆளாக நின்று, வீட்டில் ஆம்பிளை இல்லாத இரண்டு குடும்பங்களுக்குத் தண்ணீர் பிடித்து வைப்பார். அதற்குப் பிறகு வேலைக்குப் போவார். ராத்திரி தள்ளாடிக்கொண்டு வருவார்.

1999-ல், மழைக்காலத்தில் ஒரு நாள் அவர் இறந்து போனார். எனக்குப் பத்து வயது.

ஊருக்குத் தந்தி கொடுக்க வேண்டும். அப்பா தந்தி படிவத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். யார் இறந்ததாக எழுதுவது? சந்தில் பத்து வீடு ஏறி இறங்கினார். ஒருவருக்கும் அந்த மாமாவின் பெயர் தெரியவில்லை! 'கோப்டி காலமானார்' என்றா தந்தி கொடுக்க முடியும்?

கடைசியில் அவருடைய தகரப் பெட்டியைத் திறந்தார்கள். உள்ளே நூல் போட்டுக் கட்டிய ஒரு கட்டு. அத்தனையும் மணியார்டர் ஒப்புதல் சீட்டுகள். மாதம் தவறாமல் மனைவிக்கு அனுப்பிய பணம். அந்தச் சீட்டுகளில்தான் அவர் பெயர் இருந்தது.

அப்பா அன்று அழுததை நான் பார்த்தேன். "பதிமூணு வருசம் நானும்தானல சிரிச்சேன்" என்றார்.

அந்த மாமாவின் குடும்பம் ஊரில் இருப்பதால் பெயரை இங்கே எழுதவில்லை. ஆனால் எனக்குத் தெரியும்.

பேசாத படத்தில் பேசிய முகம்

சமீர் கக்கரை நம்மவர்கள் பலர் 'நுக்கட்' பார்க்காமலேயே பார்த்திருக்கிறார்கள் என்பது பலருக்குத் தெரியாது.

சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கி, கமலஹாசன் நடித்து 1987-ல் வெளிவந்த படம் 'புஷ்பக விமானா'. தமிழில் 'பேசும் படம்'. பெயர்தான் பேசும் படம். படத்தில் ஒரு வசனம் கிடையாது!

கதாநாயகன் வேலை கிடைக்காத பட்டதாரி. ஒரு ராத்திரி தெருவோரத்தில் ஒரு பணக்காரர் மூக்கு முட்டக் குடித்துவிட்டு விழுந்து கிடக்கிறார். அவரிடம் பெரிய ஓட்டல் அறையின் சாவி இருக்கிறது. பட்டதாரி அவரைத் தூக்கிக் கொண்டுபோய்த் தன் அறையில் கட்டிப்போட்டுவிட்டு, அவர் இடத்தில் சொகுசாக வாழப் போகிறான். அந்தப் பணக்காரர்தான் சமீர் கக்கர்.

படத்தின் பெரும்பகுதியில் அவருடைய கையும் காலும் கட்டுண்டு கிடக்கின்றன. வாய்க்கும் வசனம் இல்லை. ஒரு நடிகனுக்கு மிச்சம் இருந்தவை கண்ணும் முகமும்தான். பயம், கெஞ்சல், கோபம், பசி, அவமானம் எல்லாவற்றையும் அவர் கண்ணாலேயே காட்டினார்.

என் அப்பாவும் அம்மாவும் கல்யாணமான புதிதில் பார்த்த படம் அது. கமலைப் பார்க்கப் போனவர் அப்பா. ஆனால் தெருவில் விழுந்து கிடந்த பணக்காரரைக் கண்டதும், "ஏளா, இவன் நம்ம கோப்டில்லா!" என்று அம்மாவிடம் உரக்கச் சொல்லிவிட்டாராம். முன்வரிசைக்காரர் திரும்பிப் பார்த்து முறைத்தாராம்.

ஒன்றைக் கவனியுங்கள். 'நுக்கட்'டில் அவர் ஏழைக் குடிகாரன். 'பேசும் பட'த்தில் பணக்காரக் குடிகாரன். இரண்டு பேரும் விழுந்து கிடப்பது என்னவோ தெருவில்தான். ஆனால் ஏழை விழுந்தால், தூக்கிவிடத் தெருவில் நாலு பேர் இருந்தார்கள். பணக்காரன் விழுந்தபோது, சாவியை எடுத்துக்கொள்ளத்தான் ஆள் வந்தது!

ஒரே வேடம் திரும்பத் திரும்ப

வெற்றிக்கு ஒரு தண்டனை உண்டு. சினிமாக்காரர்கள் ஒரு நடிகனிடம் எது விலை போகிறதோ அதையே திரும்பத் திரும்பக் கேட்பார்கள். 'நுக்கட்'டுக்குப் பிறகு கக்கரைத் தேடி வந்தவற்றில் குடிகாரன் வேடங்களே அதிகம்.

அவரால் வேறு எதுவும் முடியாதா? முடியும் என்று காட்டினார். 1989-ல் குந்தன் ஷாவும் அஜீஸ் மிர்சாவும் 'சர்க்கஸ்' தொடரை எடுத்தார்கள். ஷாருக் கான் பெரிய நட்சத்திரம் ஆகாத காலத்தில் நடித்த தொடர் அது. அதில் கக்கர் சிந்தாமணி என்ற பாத்திரத்தில் வந்தார். 1990-களில் 'ஸ்ரீமான் ஸ்ரீமதி' நகைச்சுவைத் தொடரில் டோட்டோ என்ற சினிமா டைரக்டராக வந்து சிரிக்க வைத்தார். 'பரிந்தா', 'ராஜா பாபு' போன்ற இந்திப் படங்களிலும் முகம் காட்டினார்.

ஆனாலும் தெருவில் போனால் ஜனங்கள் கூப்பிட்டது ஒரே பெயரைத்தான். "அதோ கோப்டி!"

1993-ல் 'நயா நுக்கட்' என்று தொடரின் இரண்டாம் பாகமே வந்துவிட்டது. பெயர் இன்னும் ஆழமாக ஒட்டிக்கொண்டது.

கடல் கடந்து ஒரு குமாஸ்தா வாழ்க்கை

இங்கேதான் கதையில் யாரும் எதிர்பாராத திருப்பம்.

1996-ல் சமீர் கக்கர் நடிப்பை விட்டுவிட்டு அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். நாடகம் போடவோ, படம் எடுக்கவோ அல்ல. கம்ப்யூட்டர் வேலைக்கு! 'ஜாவா' என்ற கம்ப்யூட்டர் மொழியில் புரோகிராம் எழுதும் வேலை. நாற்பது வயதைத் தாண்டிய ஒரு மேடை நடிகர், புது ஊரில், புதுப் பாடம் படித்து, மேஜை முன்னால் உட்கார்ந்து சம்பளம் வாங்கினார்.

அங்கே அவரை நடிகர் என்று யாருக்கும் தெரியாது. இந்தியா முழுவதும் பார்த்துச் சிரித்த முகம், அங்கே ஆபீசில் இருக்கும் பல முகங்களில் ஒரு முகம்.

வாசகர்களே, இது நமக்குப் புரியாத சங்கதியா? ஊரில் சிலம்பம் சுற்றியவர் இங்கே கம்பெனி வாசலில் வாட்ச்மேன். ஊரில் நாதசுரம் வாசித்தவர் இங்கே ஓட்டலில் மாவாட்டுகிறவர். ஊரில் கவிதை எழுதியவர் இங்கே டெஸ்பாட்ச் செக்‌ஷனில் கவருக்கு விலாசம் எழுதுகிறவர். ரயில் ஏறி வந்தபோது பெட்டியும் படுக்கையும் கூட வந்தன. கையில் இருந்த கலை பிளாட்பாரத்திலேயே நின்றுவிட்டது. கக்கருக்கும் அதுதான் நடந்தது. நாம் ரயிலில் வந்தோம். அவர் விமானத்தில் போனார்.

ஆனால் ஒரு லாபமும் இருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. அந்த ஊரில் அவரைக் 'கோப்டி' என்று கூப்பிட ஆள் இல்லை. சம்பளச் சீட்டில் சமீர் கக்கர் என்றுதானே அச்சடித்திருப்பார்கள்!

2008-ல் உலகம் முழுவதும் பொருளாதார மந்தம் வந்தது. அமெரிக்காவில் லட்சக்கணக்கானவர்களுக்கு வேலை போயிற்று. அதில் கக்கரின் வேலையும் ஒன்று.

மறுபடியும் மேக்கப்

அவர் பம்பாய்க்குத் திரும்பினார். அதற்குள் ஊர் மும்பை ஆகியிருந்தது. தூர்தர்ஷன் மட்டும் இருந்த இடத்தில் நூற்றுக்கணக்கான சேனல்கள். பழைய கூட்டாளிகளில் குருவாக நடித்த திலீப் தவன் 2000-லேயே காலமாகியிருந்தார். வாய்ப்புக் கேட்டுப் போனால், எதிரே இருப்பவர் 'நுக்கட்' வந்த காலத்தில் தொட்டிலில் கிடந்தவராக இருப்பார்.

ஐம்பத்தைந்து வயதைத் தாண்டிய ஒருவர் மறுபடியும் முதலிலிருந்து தொடங்குவது லேசான காரியமா? கக்கர் தொடங்கினார். கிடைத்த சிறு வேடங்களை ஏற்றார். 2014-ல் 'ஹசீ தோ பசீ', சல்மான் கானின் 'ஜெய் ஹோ', 2017-ல் 'படேல் கீ பஞ்சாபி ஷாதி' என்று படங்கள் வந்தன. பிறகு கைபேசியிலும் கம்ப்யூட்டரிலும் பார்க்கும் தொடர்கள் வந்தபோது அவற்றிலும் நடித்தார். 2023 பிப்ரவரி 10-ல் 'ஃபர்ஸி' தொடர் வெளியானது. அதில் அவர் இருந்தார். அடுத்த மாதமே உடலின் உறுப்புகள் ஒன்றன்பின் ஒன்றாகச் செயலிழந்து காலமானார்.

கடைசி மாதம் வரை அவர் முகம் திரையில் இருந்தது. ஒரு குணச்சித்திர நடிகனுக்கு இதைவிடப் பெரிய பட்டம் வேறு எது?

கதாநாயகனுக்கு வயதானால் வேடம் குறையும். குணச்சித்திர நடிகனுக்கு வேடம் மாறும், வேலை இருக்கும். ஆனால் சுவரொட்டியில் அவன் முகம் இராது. டைட்டிலில் அவன் பெயர் ஓடும்போது நாம் டீ குடிக்க எழுந்து போயிருப்போம். கதாநாயகன் நின்று பேச ஒரு தெரு வேண்டாமா? அந்தத் தெருவாக இருப்பவர்கள் இவர்கள்தான்.

அப்பா சொன்னது

2020-ல் ஊரடங்கின்போது தூர்தர்ஷன் பழைய தொடர்களை மறுபடியும் ஒளிபரப்பியது. அதில் 'சர்க்கஸ்' தொடரும் ஒன்று. எங்களுக்கு ரயில்வேயில் முறை போட்டு வேலை. வீட்டில் இருந்த நாட்களில் அப்பாவோடு உட்கார்ந்து பார்த்தேன். என் மகள் ஷாருக் கானைக் காட்டிக் கைதட்டினாள். அப்பாவின் கண் வேறு ஆளைத் தேடியது. கண்டதும் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"யாரு தாத்தா அது?" என்று கேட்டாள் மகள்.

நான் "கோப்டி" என்று சொல்ல வாயெடுத்தேன். அப்பா முந்திக்கொண்டார்.

"அவரு பேரு சமீர் கக்கர், தாயி. பெரிய நடிகர்" என்றார்.

எனக்கு ஆச்சரியம். அப்பா அந்தப் பெயரை எப்போது கற்று வைத்துக்கொண்டார்? கேட்டேன்.

"தந்தி அடிச்ச அன்னைக்கே, சந்துல பத்திரிகை படிக்கிற ஆளு ஒருத்தர்ட்ட கேட்டு வச்சிக்கிட்டேம்ல. ஒருத்தன் பேரை தெரியாம பதிமூணு வருசம் சிரிச்சாச்சு. இன்னொருத்தன் பேராவது தெரியணும்லா" என்றார்.

கக்கர் இறந்த அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்து செய்தியைச் சொன்னேன். அப்பா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு எழுந்து போய், மாடத்தில் விளக்கேற்றினார். எந்த மதம், எந்த ஊர் என்றெல்லாம் அவர் யோசிக்கவில்லை. இரண்டு பெயர்களைச் சொன்னார். ஒன்று சமீர் கக்கர். இன்னொன்று, தகரப் பெட்டிக்குள் மணியார்டர் சீட்டில் இருந்த பெயர்.

உங்கள் தெருமுனையிலும் ஒரு கோப்டி இருப்பார். 'லம்பு', 'காலியா', 'மதராஸி' என்று ஏதோ ஒரு பெயர் அவருக்கு ஒட்டியிருக்கும். இன்று சாயங்காலம் அவரை நிறுத்தி, "அண்ணாச்சி, உங்க பேரு என்ன?" என்று ஒரு வார்த்தை கேளுங்கள்.

தந்தி எழுதும் நாள் வரை காத்திருக்க வேண்டாம்.